பென் டிரைவைக் கண்டெடுத்தவருக்கும் தொலைத்தவருக்கும்

ஆசிரியர் அவர்களுக்கு,

போன மாதம் முகநூலில் ஒரு பதிவு சுற்றியது. மட்டக்களப்பு பஸ் நிலையத்தில் ஒருவர் ஒரு பென் டிரைவைக் கண்டெடுத்திருக்கிறார். நல்ல மனிதர்தான். உரியவரிடம் சேர்க்க வேண்டும் என்று வீட்டுக்குக் கொண்டுபோய், தன் லெப்டொப்பில் செருகி, உள்ளே கிடந்த அடையாள அட்டையின் முன்பக்கம் பின்பக்கம் இரண்டையும் படமாகவே எடுத்து, "இவரைத் தெரிந்தவர்கள் அறிவிக்கவும், அதிகம் பகிரவும்" என்று போட்டுவிட்டார். ஊரும் அதிகம் பகிர்ந்தது. ஒரு பெண்ணின் முகம், முழுப்பெயர், வீட்டு விலாசம், அடையாள அட்டை (ஐ.சி.) இலக்கம் எல்லாம் வாழைச்சேனையிலிருந்து கல்முனை வரைக்கும் ஒரு பின்னேரத்தில் போய்ச் சேர்ந்தது. கீழே நூறு பேர் "நல்ல மனசு அண்ணா" என்று எழுதியிருந்தார்கள். அந்தப் படத்தை முதலில் எடுங்கள் என்று நானும் எழுதினேன், ஒருவர் என்னைப் பார்த்து "உங்களுக்கு எல்லாத்திலயும் குற்றம்தான்" என்றார். சரி, அங்கே எழுதி முடியாததைப் பத்திரிகைக்கு எழுதுவோம் என்றுதான் இந்தக் கடிதம்.

இதைச் சொல்ல எனக்கு என்ன தகுதி என்றால், நான் மட்டக்களப்பு நகரில் பிரிண்டும் போட்டோக்கொப்பியும் எடுத்துக் கொடுக்கிற ஒரு கொமினிகேஷன் கடையில் ஆறு வருடம் கவுண்டரில் நின்றவன். இப்போது வேறு வேலை. கடையின் பெயர் வேண்டாம், முதலாளி நல்லவர், அங்கே நடந்ததுதான் மற்றக் கடைகளிலும் நடக்கிறது.

அந்தக் கடைக் கொம்பியூட்டரின் டெஸ்க்டொப்பைப் பார்த்தால் தலை சுற்றும். நியூ போல்டர், நியூ போல்டர் 2, நியூ போல்டர் 3 என்று அறுபது தாண்டிப் போகும். பென் டிரைவிலிருந்து (நாங்கள் பென் என்றுதான் சொல்வோம்) நேரே பிரிண்ட் கொடுத்தால் அந்தப் பழைய மெஷின் படுத்துவிடும், அதனால் வருகிறவரின் கோப்பை டெஸ்க்டொப்புக்கு இழுத்துப் போட்டு, அங்கிருந்து பிரிண்ட் கொடுத்து, காசு வாங்கி, மிச்சம் கொடுத்து, பிறகு அழிப்போம் என்று நினைக்கும்போது அடுத்த ஆள் போட்டோக்கொப்பிக்கு நிற்பார். அந்தப் "பிறகு" வருவதே இல்லை. மாதத்தில் ஒருநாள் டிஸ்க் நிறைந்துவிட்டது என்று கொம்பியூட்டர் கத்தினால்தான் அழிப்போம். அதுவரைக்கும் அங்கே என்னென்ன கிடக்கும் என்று நினைக்கிறீர்கள்? ஐ.சி., கடவுச்சீட்டு, வங்கிப் புத்தகத்தின் முதல் பக்கம், வெளிநாடு போகிறவர்களின் மெடிக்கல் ரிப்போர்ட், சாதகத்தோடு பெண்பிள்ளைகளின் படம், காணி உறுதி. ஒருநாள் சி.வி. அடிக்க வந்த பையன் ஒருவன் எனக்குப் பின்னால் நின்று திரையைப் பார்த்துவிட்டு, "அண்ணா, இது எங்கட மாமிட காணி உறுதி தானே?" என்று கேட்டான். மாமிட உறுதிதான். மாமி வந்து போய் மூன்று கிழமை ஆகியிருந்தது.

எங்கள் ஐ.சி. இலக்கம் வெறும் இலக்கம் இல்லை என்பதும் பலருக்குத் தெரியாது. இப்போதைய 12 இலக்க அட்டையில் முதல் நான்கும் பிறந்த வருடம். அடுத்த மூன்றும் அந்த வருடத்தின் எத்தனையாவது நாள் என்பது, பெண்ணாக இருந்தால் அதோடு 500 கூட்டியிருக்கும். 1990532 என்று தொடங்கினால் 1990 பெப்ரவரி 1ஆம் திகதி பிறந்த பெண். பழைய அட்டையிலும் இதே கதைதான், வருடத்துக்கு இரண்டு இலக்கம், கடைசியில் வி அல்லது எக்ஸ். ஆக, உங்கள் இலக்கம் ஒருவரிடம் இருந்தால் உங்கள் பிறந்த திகதியும் அவரிடம் இருக்கிறது. வங்கிக்கு போன் எடுத்தால் அடையாளம் உறுதிப்படுத்த என்ன கேட்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள்.

பென் டிரைவே பாவிக்காதீர்கள் என்று சொல்ல வருகிறேன் என்று நினைக்க வேண்டாம். நேர்மாறாக, எங்கள் ஊருக்கு அது மிக நல்ல சாமான். பாவிக்கிற விதத்தில்தான் பிழை.

கொக்கட்டிச்சோலைப் பக்கமிருந்து ஓர் அம்மா வருவார். மண்முனைப் பாலம் திறக்க முந்தி தோணியில் ஆற்றைக் கடந்து வந்த காலத்தை எல்லாம் சொல்லுவார். கைப்பையைத் திறந்து, அதற்குள் ஒரு சின்னப் பேர்ஸைத் திறந்து, அதற்குள் பொலித்தீனில் சுற்றிய பென்னை எடுத்து, "மகன், இதுக்குள்ள எல்லாம் கிடக்கு, வேணுமானதைப் பார்த்து எடுங்க" என்று நீட்டுவார். உண்மையிலேயே எல்லாம் கிடந்தது. பிள்ளைகள் மூன்று பேரின் பிறப்பு அத்தாட்சி, செத்துப்போன கணவரின் மரண அத்தாட்சி, காணிப் பத்திரம், மகள் கட்டாரில் இருந்து அனுப்பிய ஒப்பந்தம், பேரப்பிள்ளையின் குளிக்கிற படம் வரைக்கும். அவருக்குத் தேவை ஒரே ஒரு ஜி.எஸ். (கிராம சேவகர்) கடிதத்தின் பிரதி. அதற்காகக் குடும்பத்தின் முழு வாழ்க்கையையும் ஒரு தெரியாத பையனிடம் நீட்டுகிறார். எத்தனை பேர் நீட்டினார்கள் என்று எண்ணவில்லை, பாதிக்கு மேல் என்று தயங்காமல் சொல்வேன்.

ஏன் எல்லாவற்றையும் ஒன்றாக வைத்திருக்கிறீர்கள் என்று கேட்டதற்கு அந்த அம்மா சொன்ன பதில் கிழக்கில் பிறந்த எவருக்கும் விளங்கும். 78 சூறாவளியில் கூரையோடு போனது ஒருமுறை, பிறகு இடம்பெயர்ந்து ஓடியபோது இன்னொருமுறை, இனி ஏலாது என்றார். எங்கள் வீட்டிலும் அப்படித்தான். 2004 டிசம்பர் 26க்குப் பிறகு நாவலடி, டச்பார், கல்லடிப் பக்கத்துச் சனம் பிறப்பு அத்தாட்சிக்காகவும் ஐ.சி.க்காகவும் எத்தனை மாதம் கியூவில் நின்றது என்று எனக்கு நன்றாக ஞாபகம், அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு நானும் நின்றேன். அதனால்தான் இங்கே ஒவ்வொரு வீட்டிலும் கதவுக்குப் பக்கத்தில் ஒரு பத்திரப் பை. மார்கழி வெள்ளம் வந்தால் அரிசிக்கு முந்தி அந்தப் பைதான் வெளியே வரும். அந்தப் பை இப்போது விரல் நீளத்துக்குச் சுருங்கிவிட்டது, அதுவரைக்கும் நல்லது. ஆனால் பத்திரப் பையை யாராவது கடைக்காரனிடம் கொடுத்து, தேவையானதை எடுத்துக்கொண்டு தாருங்கள் என்று சொல்லுவோமா?

ஆகவே நான் அந்த அம்மாவுக்குச் சொன்னதையே எல்லோருக்கும் சொல்கிறேன். இரண்டு பென் வாங்குங்கள். ஒன்று வீட்டுக்கு, ஒன்று கடைக்கு. கடைப் பென் எப்போதும் வெறுமையாக இருக்க வேண்டும். பிரிண்ட் எடுக்கப் போகும்போது அந்த ஒரு கோப்பை மட்டும், முடிந்தால் பிடிஎப் ஆக்கி, அதில் போட்டுக் கொண்டுபோங்கள். வந்ததும் போர்மட் பண்ணி, முழுவதையும் வெறுமையாக்கிவிடுங்கள். கடைக்கு ஆக ஆகக் குறைந்த கொள்ளளவுள்ள பென்னே போதும், விலையும் பெரிதில்லை.

வீட்டுப் பென் பூட்டியிருக்க வேண்டும். விண்டோஸில் பிட்லொக்கர் என்று ஒன்று இருக்கிறது, புரோ பதிப்பு உள்ளவர்கள் பென்னின் மேல் வலது கிளிக் செய்து அதைப் போட்டால் பாஸ்வேர்ட் இல்லாமல் யாரும் திறக்க முடியாது. ஹோம் பதிப்பில் பூட்ட முடியாது, ஆனால் வேறு இடத்தில் பூட்டியதைத் திறக்கலாம். ஹோம் வைத்திருப்பவர்கள் வெராகிரிப்ட் என்ற இலவச மென்பொருளைப் போட்டுக்கொள்ளலாம். அது பென்னுக்குள் ஒரு பெட்டி மாதிரிக் கோப்பை உருவாக்கும், பாஸ்வேர்ட் போட்டால் அந்தப் பெட்டி தனி டிரைவாகத் திறக்கும், மூடினால் வெளியே இருந்து பார்ப்பவருக்கு அர்த்தமில்லாத எழுத்துக் குப்பைதான். ஒன்று மட்டும்: வெராகிரிப்டின் பாஸ்வேர்டை மறந்தால் மறந்ததுதான், அதைச் செய்தவர்களே வந்தாலும் திறக்க முடியாது. வீட்டில் இன்னொருவருக்கும் தெரிந்திருக்கட்டும். பாஸ்வேர்டை எழுதிப் பென்னோடு கட்டி வைத்தவர்களையும் பார்த்திருக்கிறேன், அதற்குப் பூட்டாமலே விடலாம்.

இன்னொன்றையும் அழுத்திச் சொல்ல வேண்டும், இதைச் சிலர் பிழையாக விளங்குகிறார்கள். பூட்டிய பென்னைக் கடைக்குக் கொண்டுபோய் அங்கே பாஸ்வேர்ட் அடித்துத் திறந்தால் பூட்டினதற்குப் பிரயோசனமே இல்லை. அந்தக் கொம்பியூட்டருக்குள் நீங்கள் அடிக்கிற ஒவ்வொரு எழுத்தையும் பிடித்து வைக்கிற ஏதாவது ஓடுகிறதா என்று உங்களுக்கும் தெரியாது, கடைக்காரருக்கும் தெரியாது. திறந்தபிறகு உள்ளே இருப்பது எல்லாம் அந்த மெஷினுக்குத் திறந்ததுதான். பூட்டிய பென் வீட்டைத் தாண்டக் கூடாது, தாண்டினாலும் வேறொருவரின் மெஷினில் திறபடக் கூடாது. அதனால்தான் இரண்டு.

"நான் அழித்துவிட்டேன் தம்பி" என்று சொல்லிக் கொடுப்பவர்களும் உண்டு. அழித்தால் போகாது. டிலீட் என்பது புத்தகத்தின் பொருளடக்கத்தில் இருந்து அந்தப் பாடத்தின் பெயரை வெட்டுவது மாதிரி, பாடம் அதே பக்கத்தில்தான் இருக்கும், அதன் மேல் வேறு ஏதாவது எழுதப்படும் வரைக்கும். அழிந்துபோன கலியாணப் படங்களை மீட்டுக் கொடுத்து நாங்கள் கடையில் காசு வாங்கியிருக்கிறோம், ரெக்குவா, போட்டோரெக் என்று இலவச மென்பொருள்கள் இருக்கின்றன, அரை மணித்தியால வேலை. கலியாணப் படத்தோடு சேர்த்து அந்தப் பென்னின் பழைய சரித்திரம் முழுவதும் வெளியே வரும். ஒருமுறை அப்படி மீட்கும்போது, முந்தி அந்தப் பென்னை வைத்திருந்த வேறொருவரின் சம்பளப் பட்டியல் வந்தது. பென்னுக்குள் இருக்கிற பிளாஷ் சிப்பும் ஒரு தந்திரம் செய்யும்: ஒரே இடத்தில் திரும்பத் திரும்ப எழுதினால் அந்த இடம் சீக்கிரம் தேய்ந்துவிடும் என்று, புதிதாக எழுதுவதை வேறு வேறு இடத்துக்கு மாற்றி மாற்றிப் போடும். மேலே எழுதி அழித்துவிட்டோம் என்று நாங்கள் நினைப்பது சில நேரம் அதே இடத்திலேயே கிடக்கும். கடைப் பென்னைப் போர்மட் பண்ணச் சொன்னேனே, அதுவும் இந்தக் கணக்கில்தான் வரும், அதனால்தான் அதில் போவது ஒரேயொரு கோப்பாக இருக்க வேண்டும். மற்றதெல்லாம் முதல் நாளிலிருந்தே பூட்டிய பென்னில்தான் இருக்க வேண்டும். பழைய பென்னை இன்னொருவருக்குச் சும்மா கொடுக்கவும் வேண்டாம், சுத்தியலால் உடைத்துவிடுங்கள்.

ஷோர்ட்கட் வைரஸ் பற்றி எழுதாவிட்டால் கடையில் நின்றேன் என்று சொல்வதே பொய்யாகிவிடும். பென்னைச் செருகினால் போல்டர்கள் எல்லாம் மூலையில் சின்ன அம்புக்குறியோடு தெரியும், உள்ளே உண்மையான போல்டர் ஒளிந்திருக்கும், அம்புக்குறியை அழுத்தினால் வைரஸும் ஓடும், போல்டரும் திறக்கும், அதனால் ஆளுக்குச் சந்தேகமே வராது. காலையில் முதல் வந்த கம்பஸ் பிள்ளையின் பென்னிலிருந்து பின்னேரம் கடைசியாக வந்த ஆசிரியரின் பென் வரைக்கும் அன்றைக்கே பரவிவிடும். ஆசிரியரிடமிருந்து பள்ளிக்கூடத்துக்கு. அட்ரிப் என்று ஒரு வரி கொமாண்ட் அடித்து ஒளிந்த போல்டரை வெளியே எடுப்பது எனக்குத் தூக்கத்திலும் வரும், அவ்வளவு தரம் செய்திருக்கிறேன். சின்ன விசயம் என்று சிரிக்காதீர்கள். 2010இல் கண்டுபிடிக்கப்பட்ட ஸ்டக்ஸ்நெட், ஈரானில் வெளி இணையத்தோடு தொடர்பே இல்லாத நதான்ஸ் அணு நிலையத்துக்குள் நுழைந்ததும் இப்படி யூஎஸ்பி வழியாகப் பரவித்தான். அமெரிக்க இராணுவமே 2008இல் பென்னால் அடிபட்டு, கொஞ்சக் காலம் பென் பாவிப்பதையே தடை செய்திருந்தது. கடைப் பென் வெறுமையாக இருப்பதன் இரண்டாவது நன்மை இது. அதில் ஏதாவது ஏறிக்கொண்டு வந்தால் கண்ணில் படுவது இலகு, நீங்கள் போட்ட கோப்புக்குப் பக்கத்திலோ அதன் இடத்திலோ போடாத ஒன்று இருக்கும்.

இனி கண்டெடுத்தவர் விசயம். 2014இல் கார்ஸ்டன் நோல் என்ற ஜேர்மன் ஆய்வாளரும் அவரோடு இருந்தவர்களும் ஒன்றைக் காட்டினார்கள்: பென்னுக்குள் இருக்கிற கட்டுப்பாட்டுச் சிப்பின் நிரலையே மாற்றி எழுதினால், கொம்பியூட்டர் அதைப் பென் என்று நினைக்காது, கீபோர்ட் என்று நினைக்கும், அது தானாகவே கட்டளைகளை அடிக்கத் தொடங்கும். கோப்பு எதையும் திறக்க வேண்டியதில்லை, செருகினாலே போதும். வைரஸைத் தடுக்கிற மென்பொருளும் கண்டுபிடிக்காது. நம்ம பஸ் நிலையத்தில் அப்படிப் பென் யார் போடப் போகிறார் என்று கேட்கலாம், எனக்கும் அப்படி ஒருவர் இருப்பார் என்று தோன்றவில்லை. ஆனால் ஷோர்ட்கட் வைரஸ் கட்டாயம் இருக்கும். அமெரிக்காவில் இலினோய் பல்கலைக்கழக வளாகத்தில் 297 பென்களை வேண்டுமென்றே அங்கங்கே போட்டுப் பார்த்த ஆய்வொன்று 2016இல் வெளிவந்தது. 45 சதவீதமானவற்றில் கோப்புகள் திறக்கப்பட்டிருந்தன. ஏன் திறந்தீர்கள் என்று கேட்டதற்கு அதிகம் பேர் சொன்ன பதில், உரியவரைக் கண்டுபிடிக்கத்தான் என்பது. எங்கள் முகநூல் அண்ணன் தனி ஆள் இல்லை.

அப்போ பென்னை விட்டுவிட்டு வட்ஸ்அப்பில் அனுப்பலாமே என்பார்கள். இப்போது எல்லாக் கடையிலும் சுவரில் ஒரு நம்பர் ஒட்டியிருக்கிறது, "உங்கள் டொக்கியுமென்டை இங்கே அனுப்பவும்". அனுப்புகிற வழியில் அது பூட்டப்பட்டுத்தான் போகிறது, அதில் குறை இல்லை. போய்ச் சேருகிற இடம் கடைக்காரரின் போன். அந்தப் போனின் கலரிக்குள் உங்கள் ஐ.சி. அவருடைய மகனின் பிறந்தநாள் படத்துக்குப் பக்கத்தில் இருக்கும், உங்கள் போன் நம்பரோடு சேர்த்து. போன் பழுதாகித் திருத்தக் கொடுத்தால் இன்னொரு கடைக்கும் போகும். பென்னையாவது கையில் திருப்பி வாங்கலாம். வேறு வழியே இல்லையென்றால் பிரிண்ட் வந்த கையோடு அவருக்கு முன்னாலேயே நின்று "அனைவருக்கும் அழி" கொடுங்கள், கலரியிலும் பார்க்கச் சொல்லுங்கள். வெட்கப்பட ஒன்றுமில்லை.

ஒரு சின்ன இடைச்செருகல். டெயில்ஸ் என்று ஓர் இயங்குதளம் இருக்கிறது, 8 ஜிபி பென் ஒன்றில் போடலாம். கொம்பியூட்டரை அந்தப் பென்னிலிருந்து தொடங்கினால் வேலை முடிந்து நிறுத்தும்போது மெஷினில் தடயம் எதுவும் விடாது, இணையத்துக்கும் ஆள் யாரென்று மறைக்கிற டோர் வலையமைப்பு வழியாகத்தான் போகும். சாதாரணமாகப் பிரிண்ட் எடுப்பவருக்கு இது தேவையில்லை, எந்தக் கடைக்காரரும் மெஷினை ரீஸ்டார்ட் பண்ண விடவும் மாட்டார். ஆனால் செய்தி எழுதுகிற இளம் பிள்ளைகள் அதைப் பழக வேண்டும். பத்திரிகையாளர் ஐயாத்துரை நடேசன் 2004 மே 31ஆம் திகதி சுட்டுக்கொல்லப்பட்ட ஊர் இது, தகவல் தந்தவரின் பெயரைக் காப்பது என்றால் என்னவென்று இங்கே யாருக்கும் வகுப்பு எடுக்கத் தேவையில்லை.

பென்னில் இருக்கிறதுதானே என்று அதை ஒன்றையே நம்பியும் இருக்காதீர்கள். சிப்புக்குள் தகவல் மின்னேற்றமாகத்தான் நிற்கிறது, வருடக்கணக்கில் செருகாமல் அலுமாரியில் கிடந்தால் மெல்ல மெல்லக் கசியும். வருடத்துக்கு ஒருதரம் எடுத்துப் பார்த்து வேறொன்றில் கொப்பி பண்ணுங்கள், மார்கழி மழைக்கு முந்திச் செய்வது வசதி. பூட்டிய பிரதி ஒன்றை வாவிக்கு மறுபக்கம் இருக்கிற சொந்தக்காரர் வீட்டில் கொடுத்து வையுங்கள், கடல்பக்கத்து எழுவான்கரைக்காரர் மேற்கே படுவான்கரையில், படுவான்கரைக்காரர் எழுவான்கரையில். வெள்ளம் ஒருபக்கம், கடல் மறுபக்கம் என்று இருக்கிற எங்களுக்கு இது பொருந்தும். 2023இல் அரசாங்கத்தின் மேகக் கணினிச் சேவையை ரான்சம்வெயார் (கோப்புகளைப் பூட்டிவிட்டுக் கப்பம் கேட்கிற வைரஸ்) தாக்கியபோது மே நடுப்பகுதியிலிருந்து ஓகஸ்ட் கடைசி வரையான மின்னஞ்சல்கள் போய்விட்டன, கிட்டத்தட்ட 5,000 முகவரிகள். தொடர்பில் இருந்த காப்புப் பிரதியும் சேர்ந்தே மாட்டியதுதான் காரணம். கழற்றி வைத்த பென்னை எந்த ரான்சம்வெயாரும் தொட முடியாது. அப்புறம், 2 டெராபைட் பென் மலிவு விலையில் என்று நடைபாதையிலும் ஒன்லைனிலும் விற்பதை வாங்காதீர்கள். பெரும்பாலும் அளவைப் பொய்யாகக் காட்டுகிற சின்னச் சிப்தான் உள்ளே இருக்கும், நிறைந்ததும் புதிய கோப்பு பழையதை விழுங்கும்.

கடைக்காரர்களுக்கு ஒரு வேண்டுகோள், பழைய தொழில்காரன் என்ற உரிமையில். பிரிண்டுக்கு என்று ஒரு மெஷினைத் தனியாக வையுங்கள், இரவு கடை பூட்டும்போது டெஸ்க்டொப்பையும் டவுன்லோட்ஸையும் துடையுங்கள். ஐந்து நிமிசம். வாடிக்கையாளர் பார்க்கிற மாதிரி திரையைத் திருப்பி வையுங்கள். 2022ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கத் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டம் என்று ஒன்று நாட்டில் இருக்கிறது, அது எங்கள் கவுண்டருக்கு வரும் வரைக்கும் காத்திருக்கத் தேவையில்லை. கச்சேரியும் (மாவட்டச் செயலகம்) பிரதேச செயலகங்களும் எதற்கெடுத்தாலும் ஐ.சி. பிரதி கேட்பதைக் குறைத்தாலே பாதிப் பிரச்சினை தீரும், அது தனிக் கடிதம்.

அந்த முகநூல் பதிவு இரண்டு நாளுக்குப் பிறகு அழிக்கப்பட்டது. பென் உரியவரிடம் போனதா தெரியவில்லை. இனி யாராவது பென் ஒன்றைக் கண்டெடுத்தால் செருகாமல் பஸ் நிலையத்தில் நேரக்காப்பாளரிடமோ பக்கத்துக் கடையிலோ கொடுத்துவிடுங்கள், முகநூலில் "இந்த இடத்தில், இந்த நேரத்தில் ஒரு பென் கிடைத்தது, நிறம் சொல்லி வாங்கிக்கொள்ளவும்" என்று மட்டும் போடுங்கள். இலினோய் ஆய்வில் குறைவாகத் திறக்கப்பட்டவை, திருப்பிக் கொடுக்க விலாசம் எழுதித் தொங்கவிட்ட பென்கள்தான். நானும் என் கடைப் பென்னில் ஒரு பிளாஸ்டர் துண்டு ஒட்டி, போன் நம்பரை மட்டும் எழுதி வைத்திருக்கிறேன். பெயர்கூட இல்லை. இரண்டு தரம் தொலைந்தது, இரண்டு தரமும் போன் வந்தது.

இப்படிக்கு,
ஒரு வாசகன்,
கல்லடி, மட்டக்களப்பு.